இரண்டு முறை சொன்ன கதை

1985-ம் வருஷம் லண்டனில் ஒரு பெண்கள் பதிப்பகம், 25 வயதுப் பெண் ஒருத்தி எழுதிய முதல் நாவலை வெளியிட்டது. அவளை வளர்த்த தாய் அப்போது வட இங்கிலாந்தில், பஞ்சாலைகள் பெயருக்கு மட்டும் மிஞ்சியிருந்த ஓர் ஊரில் இருந்தாள். அந்த அம்மாள் மகளின் புத்தகத்தைப் பொய்ப் பெயர் கொடுத்து வரவழைத்துப் படித்தாள். சில நாட்களுக்குப் பின் மகள் தெருவோர டெலிபோன் கூண்டிலிருந்து பேசியபோது, இது கதைதானென்றால் கதாநாயகிக்கு ஏன் உன் பெயரை வைத்தாய் என்று கேட்டாள்.

இந்த நாவலைப் பற்றி விமரிசகர்கள் பலர் எழுதியிருக்கிறார்கள். அந்த அம்மாள் கேட்டதைவிடக் கூர்மையான கேள்வியை அவர்களில் ஒருவரும் கேட்டுவிடவில்லை என்பது என் அபிப்பிராயம். நாவல் எழுதிப் பிழைக்கிறவர்கள் எல்லோரையும் ஏதோ ஒரு நாள் ஏதோ ஓர் உறவுக்காரர் கேட்கிற கேள்வி அது. பதில் சொல்லிச் சமாளித்துவிடலாம். பதில் எழுதுவதுதான் கஷ்டம். அந்தப் பெண்ணுக்கு எழுத 26 வருஷம் ஆயிற்று.

நாவலின் பெயர் 'ஆரஞ்சு மட்டுமே பழமல்ல'. எழுதியவர் ஜெனட் வின்டர்ஸன். வெளிவந்த வருஷமே இங்கிலாந்தில் முதல் நாவலுக்கான விட்பிரெட் பரிசை அது பெற்றது. 2011-ல் அதே வாழ்க்கையை, கதை என்ற போர்வையில்லாமல், சுயசரிதையாக எழுதினார். அதன் பெயரைத் தமிழில் 'எல்லோரையும்போல் இருக்கலாமே, சந்தோஷம் எதற்கு?' என்று சொல்லலாம். 16 வயதில், தான் நேசிக்கும் பெண்ணை விடமுடியாது என்று சொல்லி வீட்டைவிட்டு வெளியேறிய மகளிடம் அந்தத் தாய் கேட்ட கேள்வியே புத்தகத்தின் பெயராகிவிட்டது. இந்தத் தாய் கேள்வி கேட்பதில் வல்லவள் என்பதை வாசகர் இதற்குள் கவனித்திருப்பார்.

இரண்டு புத்தகங்களையும் அடுத்தடுத்துப் படிக்கும்போது முதலில் கண்ணில் படுவது ஒரு சிறிய விஷயம். நாவலில் அவள் 'என் அம்மா'. சுயசரிதையில் பெரும்பாலும் 'திருமதி வின்டர்ஸன்'. கதை என்று சொல்லிக்கொண்டபோது உறவு முறை வந்தது. உண்மை என்று சொல்லும்போது, ஊரார் அழைக்கும் பெயர் வருகிறது. தள்ளி நின்று பார்த்தால்தான் உருவம் முழுசாகத் தெரியும் என்று ஆசிரியை கருதியிருக்க வேண்டும். அவர் கருதியது சரி. நாவலில் வரும் அம்மா நம்மைச் சிரிக்க வைக்கிறாள். திருமதி வின்டர்ஸனிடம் பயமும் வருகிறது, அதற்குமேல் இரக்கமும் வருகிறது.

வின்டர்ஸன் பிறந்தது மான்செஸ்டரில், 1959-ல். கைக்குழந்தையாகவே தத்துக் கொடுக்கப்பட்டு, லங்காஷயரில் அக்ரிங்டன் என்ற ஊரில், ஒரு தொழிலாளியின் வீட்டில் வளர்ந்தார். வீட்டில் இருந்த புத்தகங்கள் மொத்தம் ஆறு. பைபிளும் பைபிளுக்கு உரைகளும் அவற்றில் அடக்கம். கழிப்பறை வீட்டுக்கு வெளியே. அதன் சுவரிலும் வேத வசனம். உலக முடிவு வரப்போகிறது என்பதற்காக அலமாரி நிறையத் தகர டப்பாக்களில் உணவு சேமித்து வைத்திருந்தாள் அந்த அம்மாள். தூசி தட்டும் துணிகள் வைக்கும் இழுப்பறையில் ஒரு கைத்துப்பாக்கி. பல் செட்டு இரண்டு: அன்றாடத்துக்கு மங்கலானது ஒன்று, விசேஷ நாளுக்குப் பளபளப்பானது ஒன்று. புருஷனுடன் ஒரே படுக்கையில் படுக்க நேராமலிருப்பதற்காக இரவெல்லாம் விழித்திருந்து கேக்கு சுட்டாள். இதையெல்லாம் எந்த நாவலாசிரியன் கற்பனை செய்திருந்தாலும் அதிகப்படி என்று நாம் அடித்திருப்போம்.

அந்தக் குடும்பம் சேர்ந்திருந்தது எலிம் பெந்தெகொஸ்தே சபையில். ஜார்ஜ் ஜெஃப்ரீஸ் என்ற வேல்ஸ் தேசத்து ஊழியக்காரர் 1915-ல் அயர்லாந்தில் ஆரம்பித்தது அது. பெந்தெகொஸ்தே என்றால் நம் வாசகர்களுக்கு விளக்கம் தேவையில்லை. சென்னையிலோ திருநெல்வேலியிலோ ஞாயிற்றுக்கிழமை காலையில் தெருவில் நடந்தவர்கள் அந்தக் கைதட்டலையும் பாட்டையும் அந்நிய பாஷையையும் கேட்டிருப்பார்கள். சாட்சி சொல்லுதல், உபவாச ஜெபம், ஊழியம், அசுத்த ஆவி, பின்மாற்றம் என்று நம் ஊர்ச் சபைகளில் புழங்கும் ஒவ்வொரு வார்த்தையும் இந்த நாவலில் உயிரோடு நடமாடுகிறது. இதைத் தமிழாக்கப் புகுகிறவன் இலக்கிய நண்பர்களை விட்டுவிட்டு, பாளையங்கோட்டைப் பக்கம் போய்ச் சபை விசுவாசி ஒருவரிடம் வார்த்தை கேட்டால் வேலை சுலபமாக முடிந்துவிடும்.

நாவலின் அத்தியாயங்கள் எட்டு. எட்டுக்கும் பைபிளின் முதல் எட்டு ஆகமங்களின் பெயர்கள்: ஆதியாகமம், யாத்திராகமம், லேவியராகமம், எண்ணாகமம், உபாகமம், யோசுவா, நியாயாதிபதிகள், ரூத். இதைப் பலர் கிண்டல் என்று எடுத்துக்கொள்கிறார்கள். கிண்டல் கொஞ்சம் இருக்கிறது. யாத்திராகமம் என்ற தலைப்பின் கீழ் வருவது ஒரு குழந்தை முதல் முதலாகப் பள்ளிக்கூடம் போகிற கதை. ஆனால் அந்தக் குழந்தைக்கு வேறு எந்த ஏடும் வீட்டில் கிடையாது என்பதை மறந்துவிடக் கூடாது. மற்றக் குழந்தைகள் கரடிக் கதையிலும் முயல் கதையிலும் எழுத்துக் கற்றுக்கொண்ட வயதில் அவள் உபாகமத்தில் கற்றுக்கொண்டாள். அவளுக்கு வாழ்க்கை என்று ஒன்று நடந்தால், அது அந்த வரிசையில்தான் நடக்க முடியும்.

ஹாஸ்யம் இந்த நாவலின் பெரிய பலம். உதாரணத்துக்கு ஒன்று சொல்கிறேன். சிறுமி ஜெனட்டுக்கு மூன்று மாதமாகக் காது கேட்கவில்லை. அவள் பேசாமல் இருப்பதைப் பார்த்த சபையார், குழந்தை பரிசுத்த ஆவியினால் நிறைந்திருக்கிறாள், தொந்தரவு செய்யாதீர்கள் என்று விலகிக்கொள்கிறார்கள். உண்மையில் அவளுக்கு மூக்கின் பின்புறம் சதை வளர்ந்திருக்கிறது. சபையைச் சேர்ந்த மிஸ் ஜூஸ்பரி என்ற ஒரு பெண்மணிதான் அதைக் கண்டுபிடித்து ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போகிறாள். தாய் ஆஸ்பத்திரிக்கு வர நேரமில்லாமல் கடிதங்களும் ஆரஞ்சுப் பழங்களும் அனுப்புகிறாள். இதைப் படித்து நாம் சிரிக்கிறோம். சிரித்து முடித்தபின், ஒரு குழந்தை செவிடாகிவிட்டதை வீட்டில் ஒருவரும் கவனிக்கவில்லை என்பது உறைக்கிறது. நாவல் முழுவதிலும் ஆசிரியை இந்த உபாயத்தையே கையாளுகிறார். முதலில் சிரிப்பு வரும், விஷயம் பின்னால் வரும். சுயசரிதையில் அந்த வரிசை மாறிவிடுகிறது.

இனி மையத்துக்கு வருகிறேன். ஜெனட் சந்தையில் மீன் கடை ஒன்றில் மெலனி என்ற பெண்ணைப் பார்க்கிறாள். மெலனி பளிங்குப் பலகையில் மீனுக்கு முள் எடுத்துக்கொண்டிருக்கிறாள். ஜெனட் சனிக்கிழமை தோறும் அங்கே போய் நிற்கிறாள். பழக்கம் ஏற்படுகிறது. அவளைச் சபைக்கு அழைத்து வருகிறாள், மெலனி இரட்சிக்கப்படுகிறாள். இருவரும் சேர்ந்து வேதம் படிக்கிறார்கள். வேதம் படித்த அறையிலேயே ஒருவரை ஒருவர் நேசிக்கத் தொடங்குகிறார்கள். இங்கே சாதாரண ஆசிரியர் என்றால் பாவ உணர்ச்சி, மனப் போராட்டம், கண்ணாடி முன் அழுகை என்று பத்துப் பக்கம் ஒதுக்கியிருப்பார். வின்டர்ஸன் அப்படி ஒரு வரி எழுதவில்லை. ஜெனட்டுக்குக் குற்ற உணர்ச்சியே இல்லை. ஆண்டவர் தந்த இரண்டு ஈவுகளாகவே அவள் சபையையும் மெலனியையும் நினைக்கிறாள். இரண்டும் ஒன்றுக்கொன்று பகை என்பது அவளுக்குத் தெரியவே தெரியாது. அதை மற்றவர்கள்தான் வந்து சொல்ல வேண்டியிருக்கிறது, அதுவும் ஞாயிற்றுக்கிழமை ஆராதனையின்போது, எல்லார் முன்னிலையிலும், பிரசங்க மேடையிலிருந்து. மெலனி அங்கேயே மனம் திரும்பிவிடுகிறாள். ஜெனட் மறுக்கிறாள். இரண்டு பேரையும் தான் நேசிப்பதாகச் சொல்கிறாள். அந்தப் பதில் பாஸ்டருக்குப் புரிவதேயில்லை.

இந்த இடத்தில் நாவல் ஒரு பெரிய காரியத்தைச் செய்துவிடுகிறது என்று நினைக்கிறேன். வேசி என்றும் விக்கிரக ஆராதனைக்காரி என்றும் வசை பாடப்படுகிற பெண்தான் அந்தச் சபையில் எல்லாரையும்விட விசுவாசமுள்ளவளாகத் தெரிகிறாள். அவள் சபையைவிட்டு ஓடவில்லை. சபைதான் அவள் காலடியிலிருந்து நகர்ந்துபோகிறது.

பிறகு பேய் ஓட்டுகிறார்கள். இரண்டு புத்தகங்களும் இங்கேதான் மிகவும் விலகிப் போகின்றன. நாவலில் பாஸ்டரும் மூப்பர்களும் பகல் முழுவதும் ஜெபிக்கிறார்கள். தாய் அவளை முன் அறையில் 36 மணி நேரம் பூட்டி வைக்கிறாள். அங்கே ஆரஞ்சு நிறத்தில் ஒரு பிசாசு அவளுக்குத் தோன்றி, வேடிக்கையாக, கொஞ்சம் சிநேக பாவத்துடன் பேசிக்கொண்டிருக்கிறது. என்னை வைத்துக்கொள்கிறாயா, அனுப்பிவிடுகிறாயா என்று பேரம் பேசுகிறது. வாசகருக்குப் பிசாசின்மீது பிரியம் வந்துவிடுகிறது. சுயசரிதையில் பிசாசு இல்லை. திரை போட்ட அறை, குளிருக்கு நெருப்பு இல்லை, சாப்பாடு இல்லை, மூன்று நாள் முறை வைத்து வந்து ஜெபிக்கிறார்கள். மூப்பர் ஒருவர் அடிக்கிறார். அதற்கு மேலும் நடந்துகொள்ளப் பார்க்கிறார். ஆசிரியை இதைச் சில பாராக்களில், உபமானம் ஒன்றுமில்லாமல் சொல்லிவிட்டு அடுத்த விஷயத்துக்குப் போய்விடுகிறார். இதைப் படித்துவிட்டு நாவலுக்குத் திரும்பினால், அந்த ஆரஞ்சு நிறப் பிசாசு யார் என்று தெரிகிறது. அறையில் தனியாக இருந்த பெண்ணுக்கு, 25 வயதான அதே பெண் அனுப்பி வைத்த துணை அது.

இன்னொரு துணை எல்ஸி நாரிஸ் என்ற கிழவி. சபையில் அவள் சாட்சி சொல்ல எழுந்தால் மற்றவர்கள் பெருமூச்சு விடுவார்கள். ஆஸ்பத்திரியில் கிடந்த குழந்தையிடம் தினமும் வந்து உட்கார்ந்து கவிதை படித்துக் காட்டியவள் அவள்தான். பிற்பாடு எல்லாரும் கைவிட்டபோதும் ஜெனட்டைக் கைவிடாதவள். நாவலைப் படித்தவர்கள் மறக்காத பாத்திரம். அப்படி ஒருத்தி இருக்கவேயில்லை என்று சுயசரிதை சொல்கிறது. அந்தச் சின்னப் பெண்ணின் பக்கத்தில் ஒருவரும் இல்லாத கதையை எழுத அன்று தனக்கு மனம் வரவில்லை, அதனால் ஒருத்தியை எழுதிச் சேர்த்துக்கொண்டேன் என்று வின்டர்ஸன் விளக்குகிறார். நடந்தது அதைவிடத் தாங்க முடியாதது. தாங்கக்கூடிய ஒன்றை எழுதினேன் என்பது அவர் கட்சி.

நான் எத்தனையோ நாவலாசிரியர்களின் முன்னுரைகளையும் பேட்டிகளையும் படித்திருக்கிறேன். கதை எழுதுவதன் பிரயோஜனம் என்ன என்பதற்கு இவ்வளவு எளிமையான விளக்கம் வேறெங்கும் பார்த்ததாக ஞாபகமில்லை. தாய் கேட்ட கேள்விக்கும் பதில் இதில் இருக்கிறது. பெயரை மாற்றியிருந்தால், எல்ஸி யாரோ ஒரு பெண்ணுக்குத் துணை போயிருப்பாள். பெயரை அப்படியே வைத்ததால்தான் எல்ஸி தனக்குத் துணையாக வந்தாள்.

நாவலில் சபையார் இரண்டாம் முறை அவளைப் பிடிக்கும்போது நடப்பது இன்னும் சுவாரஸ்யமானது. ஜெனட் அதற்குள் பிரசங்கம் செய்வதில் பெயர் வாங்கிவிட்டாள். காட்டி என்ற வேறொரு பெண்ணிடம் அன்பு கொண்டிருக்கிறாள். விஷயம் வெளியானதும் சபையின் பெரியவர்கள் கூடி யோசித்துக் காரணம் கண்டுபிடிக்கிறார்கள்: பவுல் அப்போஸ்தலன் சொன்னதை மீறிப் பெண்களுக்குச் சபையில் அதிகாரம் கொடுத்ததுதான் எல்லாவற்றுக்கும் மூலம். பெண் மேடையில் பேசினாள், அதனால் ஆண் தன்மை வந்துவிட்டது! இதை எழுந்து நின்று ஆமோதிக்கிறவள் யார் என்றால் ஜெனட்டின் தாய். அந்தச் சபையைத் தோளில் தூக்கி நடத்தியவள் அவள். மகளைத் தோற்கடிப்பதற்காகத் தன் கையில் இருந்த அதிகாரத்தையும் சேர்த்துக் கொடுத்துவிடுகிறாள். அன்று இங்கிலாந்தின் சட்டம் இந்தப் பெண்ணைத் தொடவில்லை. ஆணுக்கும் ஆணுக்கும் உள்ள உறவைத்தான் அது குற்றமாக வைத்திருந்தது, அதையும் 1967-ல் பெரும்பாலும் விட்டுவிட்டது. நம் நாட்டில் 377-வது பிரிவின் அந்தப் பகுதி செல்லாது என்று சுப்ரீம் கோர்ட்டு சொல்ல 2018 ஆயிற்று. ஆனால் வீடும் சபையும் தண்டிக்கத் தொடங்கிவிட்டால் போலீஸ்காரன் தேவைப்படுவதில்லை. அந்தத் தண்டனைக்கு அப்பீலும் கிடையாது.

தாயின் பாத்திரத்தில் ஒரு சிறு நுட்பத்தைச் சொல்லாமல் விட மனமில்லை. அவளிடம் ஒரு போட்டோ ஆல்பம் இருக்கிறது. கல்யாணத்துக்கு முன் தன்னை விரும்பியவர்களின் படங்களை ஒரு பக்கத்தில் ஒட்டி வைத்திருக்கிறாள். அதில் ஓர் அழகான பெண்ணின் படமும் இருக்கிறது. இது யார் என்று குழந்தை கேட்டதும், யாரோ ஒருவனுடைய தங்கை, ஏன் அங்கே ஒட்டினேனோ என்று பக்கத்தைத் திருப்பிவிடுகிறாள். அடுத்த தடவை ஆல்பத்தைப் பார்க்கும்போது அந்தப் படம் இல்லை. இவ்வளவுதான். ஆசிரியை இதற்குமேல் ஒரு சொல்லும் சேர்ப்பதில்லை. நானும் சேர்க்கப் போவதில்லை.

நாவலில் குறையே இல்லையா என்றால், இருக்கிறது. நடுநடுவே மாயக் கதைகள் வருகின்றன: பரிபூரணமான பெண்ணைத் தேடும் ராஜகுமாரன், ஆர்தர் மன்னனின் வட்ட மேஜையை விட்டுப் போகும் பெர்ஸிவல், மந்திரவாதியிடம் வளரும் வின்னெட் என்ற பெண். ராஜகுமாரன் கதை நன்றாகவே இருக்கிறது. பெர்ஸிவல் ஓரளவு அலுப்புத் தட்டுகிறான். ஐந்தாவது அத்தியாயமான உபாகமத்தில் கதையே இல்லை. சரித்திரம் எது, கதை எது என்று மூன்று நான்கு பக்கம் பிரசங்கம் செய்கிறார். புத்திசாலித்தனமான பிரசங்கம்தான், ஆனாலும் பிரசங்கம். வின்னெட் கதை மட்டும் சேரவேண்டிய இடத்தில் சேர்கிறது. மந்திரவாதி அவளைத் துரத்தும்போது, அவள் அறியாமல் அவள் சட்டைப் பொத்தானில் ஒரு நூலைக் கட்டிவிடுகிறான். வேண்டும்போது இழுக்கலாம். வீட்டை விட்டுப் போனவர்களின் கதையில் இந்த நூலைச் சொல்லாதவர்கள் அதிகம்.

இதே வகை அனுபவத்தை வைத்து இவருக்கு முன்னால் ஒருவர் பெரிய நாவல் எழுதியிருக்கிறார். ஜேம்ஸ் பால்ட்வின், நியூயார்க்கின் ஹார்லெமில் நீக்ரோக்கள் என்று அன்று அழைக்கப்பட்ட கறுப்பு மக்களின் பெந்தெகொஸ்தே சபையில் வளர்ந்தவர். 14 வயதிலேயே பிரசங்கி. அவருடைய முதல் நாவல் 1953-ல் வந்தது. அதிலும் ஒரு பையன் சபையில் தன்னைவிடச் சற்று மூத்த இன்னொரு பையனைப் பார்த்து மனம் கலங்குகிறான். பால்ட்வின் அதைப் பெயரிடாமலே எழுதிக்கொண்டு போகிறார். கனத்த நாவல், இடியும் மின்னலுமாக இருக்கும். வின்டர்ஸனிடம் இடி இல்லை. ஆனால் பால்ட்வினின் பையன் இரட்சிக்கப்பட்டு எழுந்து வீட்டுக்குப் போவதோடு புத்தகம் முடிகிறது. மறுநாள் என்ன ஆயிற்று என்பதற்கு வின்டர்ஸனிடம்தான் வரவேண்டும்.

மறுநாள் என்ன ஆயிற்று? 16 வயதில் வீட்டைவிட்டு வெளியேறியவர், சிறிய மோட்டார் கார் ஒன்றில் படுத்துத் தூங்கினார். ஆங்கில ஆசிரியை ஒருவர் வீட்டில் இடம் கொடுத்தார். அக்ரிங்டன் பொது நூலகத்தில் ஆங்கில வசன இலக்கியத்தை முதல் எழுத்திலிருந்து வரிசையாகப் படிக்கத் தொடங்கினார். அதற்கு முன் வீட்டிலிருந்த காலத்திலேயே புத்தகம் சேர்த்தவர்தான். மெத்தைக்கடியில் ஒளித்து வைத்திருந்தார். மெத்தை நாளுக்கு நாள் உயர்ந்துகொண்டே போனதில் அகப்பட்டுவிட்டது. தாய் கையில் முதலில் சிக்கியது டி. எச். லாரன்ஸ். எல்லாவற்றையும் ஜன்னல் வழியே கொல்லையில் எறிந்து மண்ணெண்ணெய் ஊற்றிக் கொளுத்தினாள். இந்தப் புத்தக விரோதிதான், குழந்தைக்கு 'ஜேன் அய்ர்' நாவலை வாய்விட்டுப் படித்துக் காட்டியவளும். ஜேன் கடைசியில் ராச்செஸ்டரிடம் திரும்பாமல் பாதிரியாரை மணந்துகொண்டு மிஷனரியாகப் போய்விட்டதாக, படிக்கும்போதே கதையை மாற்றிச் சொல்லிவிட்டாள். பக்கத்தைப் புரட்டிக்கொண்டே, சார்லட் பிரான்டியின் நடையிலேயே, நெஞ்சிலிருந்து கற்பனை செய்தாள்! அந்த அம்மாளுக்கு ஒரு பேனாவைக் கொடுத்து உட்கார வைத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று அடிக்கடி நினைத்துப் பார்க்கிறேன். மகள் கதையை மாற்றி எழுதியது யாரிடம் கற்ற வித்தை என்பதில் சந்தேகமில்லை.

பிறகு ஆக்ஸ்போர்டு, நாவல், பரிசு, புகழ். 1988-ல் இங்கிலாந்தில், தன்பாலின நேசத்தை ஸ்தல ஸ்தாபனங்கள் ஆதரித்துப் பிரசாரம் செய்யக் கூடாது என்று ஒரு சட்டப் பிரிவு வந்தது. 2003 வரை அங்கே அது இருந்தது. அந்தச் சட்டம் அமலில் இருந்த 1990-லேயே பி. பி. சி. இந்த நாவலை மூன்று பகுதியாகத் தொலைக்காட்சியில் காட்டியது. திரைக்கதையும் வின்டர்ஸனுடையதே. வெற்றிக் கதை இவ்வளவு சுருக்கமாகச் சொன்னால் போதும். சுயசரிதையில் அவரும் 'இடைவேளை' என்று ஓர் அத்தியாயம் போட்டு, 25 வருஷத்தை ஒரே தாண்டாகத் தாண்டிவிடுகிறார். சிலர் இதைக் குறையாகச் சொல்கிறார்கள். எனக்கு இது பிடித்திருக்கிறது. எழுத்தாளர்கள் தங்கள் வெற்றியைப் பற்றி எழுதும் பக்கங்களைப்போல் படிக்கச் சிரமமானது உலகத்தில் வேறில்லை.

தாண்டி இறங்குகிற இடம் 2007. கூட வாழ்ந்த பெண் பிரிந்து போகிறாள். வீட்டுப் பழைய காகிதங்களுக்கிடையே தத்தெடுத்த பத்திரம் ஒன்று கிடைக்கிறது. வீட்டைவிட்டுப் போய் முப்பது வருஷம் ஆனவர், எல்லாவற்றையும் ஜயித்தவர், அப்போதுதான் உடைந்து போகிறார். 2008 ஆரம்பத்தில் உயிரை விடவும் துணிகிறார், பிழைத்துக்கொள்கிறார். நாவலைப் படித்து, இந்தப் பெண் தப்பித்துவிட்டாள் என்று நிம்மதியாகப் புத்தகத்தை மூடிய நமக்கு இது அடிவயிற்றில் விழுகிற குத்து. மந்திரவாதியின் நூல் அறுந்திருக்கவில்லை.

இதிலிருந்து அவர் மீண்ட விதம் புத்தகத்தின் மிக நல்ல பகுதி. தனக்குள்ளே கூச்சலிடுகிற ஒரு ஜந்து இருக்கிறது, அது சின்ன வயதிலேயே பைத்தியமாகிவிட்ட தன்னுடைய ஒரு பாதி என்று கண்டுகொள்கிறார். அதோடு ஓர் உடன்படிக்கை செய்துகொள்கிறார். காலையில் குழந்தைகளுக்கான ஒரு கதை எழுதுவது. அப்போது அது வாய் திறக்கக் கூடாது. பிற்பகலில் ஒரு மணி நேரம் அதை அழைத்துக்கொண்டு நடக்கப் போவது. அப்போது அது என்ன வேண்டுமானாலும் திட்டலாம். அது திட்டுகிற திட்டெல்லாம் மட்டரகமாக இருக்கிறது. அவர் பதில் சொல்லிக்கொண்டே நடக்கிறார். இங்கே கவனிக்க வேண்டியது: இதுவும் ஒரு பேய் ஓட்டும் கதைதான். மூப்பர்கள் மூன்று நாளில் துரத்தப் பார்த்தார்கள். இவர் துரத்தவில்லை, தினம் ஒரு மணி நேரம் ஒதுக்கிக் கொடுத்தார். ஆரஞ்சு நிறப் பிசாசு பேரம் பேசியது நினைவுக்கு வருகிறது. 25 வயதில் வேடிக்கையாக எழுதியதை 48 வயதில் செய்து பார்க்கிறார்.

பெற்ற தாயைத் தேடிப் போகிறார். கோர்ட்டு, விண்ணப்பம், அதிகாரிகள் என்று அந்தத் தேடல் வளர்ந்துகொண்டே போகிறது. அந்தப் பகுதியை இன்னும் சுருக்கியிருக்கலாம் என்பது என் எண்ணம். கடைசியில் தாயைக் கண்டுபிடித்துவிடுகிறார். 17 வயதில் இவரைப் பெற்று, வளர்க்க வழியில்லாமல் கொடுத்துவிட்ட பெண். நல்ல மனுஷி; மகள் பெண்களை நேசிப்பதைப் பற்றி அவளுக்கு ஓர் ஆட்சேபணையும் இல்லை. சினிமாவாக இருந்தால் கட்டித் தழுவிக்கொண்டு அழுவதோடு திரை விழுந்திருக்கும். இங்கே விழவில்லை. இருவருக்கும் என்ன பேசுவதென்று தெரியவில்லை. ஒரு நாள் அந்தப் பெற்ற தாய், வளர்த்தவளைப் பற்றிக் குறைவாக ஏதோ சொல்லப்போக, மகளுக்குக் கோபம் வந்துவிடுகிறது. திருமதி வின்டர்ஸனை ராட்சசி என்று தான் சொல்லலாம், மற்றவர்கள் சொல்லக்கூடாது என்கிற கோபம். புத்தகம் முழுதும் அந்த அம்மாளின்மேல் குற்றப் பத்திரிகை படித்துவிட்டு இந்தக் கோபத்தையும் மறைக்காமல் எழுதுவதற்குத் தைரியம் வேண்டும். நாவலின் கடைசி அத்தியாயத்துக்கு ரூத் என்று பெயர். வேதத்தில் ஒரு பெண் இன்னொரு பெண்ணை விட்டுப் போகமாட்டேன் என்று சொல்லும் கதை அது. ரூத் சொல்வது தன்னைப் பெற்றவளிடம் அல்ல, மாமியாரான நகோமியிடம் என்பது நம்மில் பலருக்கு ஞாபகமிருக்கும்.

சபையைப் பற்றியும் அவர் இரண்டாம் புத்தகத்தில் நியாயம் தப்பாமல் எழுதுகிறார். ஆலையிலும் கடையிலும் உழைத்துவிட்டு வருகிற ஏழை ஜனங்களுக்கு அங்கே பாட்டு கிடைத்தது, கூட்டம் கிடைத்தது, 17-ம் நூற்றாண்டின் ஆங்கிலம் கிடைத்தது. ஜேம்ஸ் அரசர் காலத்து பைபிளை வாரம் முழுவதும் காதில் வாங்கியவர்களுக்கு ஷேக்ஸ்பியர் அந்நியமாகப் படவில்லை. வின்டர்ஸனின் வாக்கியங்களைக் கவனித்தால், குட்டையாக வந்து விழுகிறவை, திரும்பச் சொல்கிறவை, கேள்வி கேட்டுத் தானே பதில் சொல்கிறவை எல்லாம் கூடாரக் கூட்டத்துப் பிரசங்கியின் வாக்கியங்கள். மதத்தை விட்டு வந்தபோது அவர் எடுத்துக்கொண்டு வந்த ஒரே சொத்து அது. எனக்கு அவருடைய பிந்தைய சில நாவல்களில் இந்தப் பிரசங்கம் சலிப்புத் தட்டியிருக்கிறது. இந்த இரண்டு புத்தகங்களிலும் இல்லை. இவற்றில் யாரிடம் பேசுகிறோம் என்று பிரசங்கிக்குத் தெரியும்.

கடைசியாக அன்னாசிப்பழத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். நாவலில் அந்தத் தாய்க்கு ஆரஞ்சு ஒன்றே பழம். காய்ச்சலுக்கும் ஆரஞ்சு, கண்ணீருக்கும் ஆரஞ்சு. இறுதி அத்தியாயத்தில் மகள் கிறிஸ்துமஸுக்கு வீடு திரும்பும்போது, கறுப்பு மக்களுக்கான ஊழியத்தில் ஈடுபட்டிருக்கும் தாய், அவர்களுக்கு அன்னாசிதான் பிடிக்கும் என்று முடிவு கட்டி, எதைச் சமைத்தாலும் அன்னாசியைப் போடுகிறாள். ஆரஞ்சு மட்டுமே பழமல்ல என்று அவள் வாயாலேயே சொல்லிவிடுகிறாள். புத்தகத்தின் தலைப்பு தாயின் வாக்கியமாக வந்து சேரும் அந்த இடத்தில் வாசகர் சிரித்துவிட்டு, கொஞ்சம் சமாதானமும் அடைகிறார். இரண்டாம் புத்தகத்தில் அந்த அன்னாசி எங்கிருந்து வந்தது என்று தெரிகிறது. ஆக்ஸ்போர்டில் சேர்ந்தபின் வின்டர்ஸன் விடுமுறைக்கு ஊருக்குப் போகிறார். கூடவே கறுப்பு இனத்துச் சிநேகிதி ஒருத்தி. விருந்தாளிக்குக் குளிரும் என்று திருமதி வின்டர்ஸன் கம்பளி பின்னி வைத்திருக்கிறாள். பன்றி இறைச்சியோடு அன்னாசி, அடுத்த வேளையும் அன்னாசி. விருந்து சண்டையில் முடிகிறது. அந்த விடுமுறைக்குப் பின் வின்டர்ஸன் தாயை நேரில் பார்க்கவேயில்லை. அம்மாள் 1990-ல் காலமானாள்.